தாலி கட்டும் நேரத்தில் வந்த கொலைகாரன்

தமக்கையின் கலியாணத்தைக் கெடுத்த தம்பிமார் உலகத்தில் ஏராளம். சிலர் சீதனப் பேச்சில் கொதித்துக் கெடுத்திருப்பார்கள். சிலர் பந்தி நேரத்தில் தண்ணியில் வந்து கெடுத்திருப்பார்கள். ஆனால் எல்லாம் சுபமாக முடிந்து, பெண்ணும் மாப்பிள்ளையும் வீட்டுக்குப் போய், வந்தவர்கள் வாழ்த்திவிட்டுக் கிளம்பி, வாழையிலைகளையும் குப்பையில் போட்ட பிறகு ஒரு கலியாணத்தைக் கெடுத்தவன், எனக்குத் தெரிந்து, நான் ஒருவன்தான். அதற்கு எனக்கு ஒரு பிரெஞ்சுப் படத்தின் உதவி தேவைப்பட்டது.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. நான் லண்டனில் பொறியியல் படித்துக்கொண்டிருந்தேன் (வீட்டுக்குச் சொன்ன கணக்கு அது). உண்மையில் என் நேரமெல்லாம் கல்லூரித் திரைப்பட வட்டத்தில்தான் போனது. வட்டம் என்றாலும் நாங்கள் கைவிரல்களுக்குள் அடங்கிவிடுவோம். எல்லோரும் கழுத்தை மூடிய கறுப்புச் சட்டை போடுவோம். படம் முடிந்து வெளிச்சம் வந்தவுடன் யாரும் ஒன்றும் பேசக் கூடாது. தரையைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருக்க வேண்டும். இந்தப் பழக்கத்தோடு வீட்டுக்கு வந்து, சனிக்கிழமை தமிழ்ப் படத்துக்கு மூக்கைச் சிந்திக்கொண்டிருக்கும் அம்மாவைப் பார்க்கும்போது எனக்கு அவளில் பெரிய இரக்கம் பிறக்கும்.

அந்த வட்டத்தில் ஒரு படத்தைப் பற்றி எப்போதும் ஒரு கிசுகிசுப்பு இருந்தது. பேய்ப் படங்களையும் கொலைப் படங்களையும் தலைகீழாகத் தூக்கிப் பிடித்துப் பகிடி பண்ணிய பிரெஞ்சுப் படம். வெளிவந்தபோது ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லையாம். பிறகு கைக்குக் கை மாறிய கசெட்டுகளால் அதற்கு ஒரு பக்தர் கூட்டம் சேர்ந்து, ஒருவன் ஒரு வசனத்தைத் தொடங்கினால் மற்றவன் முடித்து வைக்கும் நிலைக்கு வந்துவிட்டதாம். லண்டனில் அது கிடைக்காது. ஒருநாள் பேச்சுவாக்கில் நான் அந்தப் படத்தைப் பார்த்திருப்பதாகச் சொல்லிவிட்டேன். எப்படி இருந்தது என்று கேட்டார்கள். "நுட்பமான படம்" என்றேன். (பார்க்காத எந்தப் படத்தைப் பற்றியும் துணிந்து சொல்லக்கூடிய சொல் இது.) அன்றிலிருந்து வட்டத்தில் என் மதிப்பு ஒரு படி ஏறிவிட்டது. எப்படியாவது அதைப் பார்த்துத் தொலைக்க வேண்டுமே என்ற பயமும் ஏறிவிட்டது.

படத்தின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எங்கள் வீட்டில் அதற்கு 'வசந்தியின்ரை கலியாணம்' என்றுதான் பெயர்.

வசந்தி என் அக்கா. பாரிஸில் சித்தப்பா வீட்டில் இருந்தாள். அங்கேயே நல்ல இடத்தில் மாப்பிள்ளை பொருந்தியது. நானும் அம்மாவும் ஈஸ்ட் ஹாமில், ஒரு நகைக்கடைக்கு மேலே இருந்தோம். அப்பா ஊரிலேயே காலமாகிவிட்டார். அம்மாவின் அகதி வழக்கு முடியவில்லை. நாட்டைவிட்டு வெளியே போனால் திரும்பி வர முடியாது. பெற்ற ஒரே மகளின் கலியாணம் கடலுக்கு அந்தப் பக்கம், கூப்பிட்டால் கேட்கிற தூரத்தில் நடக்கிறது. தாய் போக முடியாது. பயணம் செய்யக்கூடிய கடவுச்சீட்டு என்னிடம் மட்டும் இருந்ததால், லண்டனிலிருந்து போன பெண் வீட்டார் நான் ஒருவன்தான்.

பஸ் ஏற்றிவிட வந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்.

"எனக்கு நீ சென்ட்டு, சொக்கிலேற் ஒண்டும் வாங்கிக்கொண்டு வர வேண்டாம். அந்த வீடியோக் கொப்பியை மட்டும் பத்திரமாக் கொண்டு வந்து தா. அவளின்ரை கழுத்தில தாலி ஏறுறதை நான் ஒருக்கா என்ரை கண்ணால பார்க்க வேணும். வேற ஒண்டும் வேண்டாம்."

"ஓமம்மா" என்றேன். எனக்கு அவசரம். ஜன்னலோர இருக்கை போய்விடும்.

கலியாணம் நன்றாகவே நடந்தது. எங்கள் வழக்கத்தில் பெண்ணின் சகோதரன் மாப்பிள்ளைக்குத் தோழன். மாப்பிள்ளையின் காலைக் கழுவி மணவறைக்கு அழைத்துவர வேண்டும். அவர் மோதிரம் போடுவார். பிறகு கடைசி வரை பக்கத்திலேயே இருக்க வேண்டும். தலைப்பாகையும் பட்டு வேட்டியுமாக நான் அப்படியே இருந்தேன். வந்திருந்த சனத்துக்கு மணவறையில் என்ன நடக்கிறது என்று ஒன்றும் தெரிந்திருக்காது. வீடியோ எடுத்த மணி அண்ணை பரந்த மனிதர். மனசைச் சொல்லவில்லை, முதுகைச் சொல்கிறேன். தாலி கட்டும் நேரத்தில் அவர் மணவறைக்கு முன்னால் வந்து நின்றால் மண்டபத்துக்கே மறைப்புக் கட்டினது மாதிரி.

மணி அண்ணை கொப்பி தரும் வரை நான் பாரிஸில் தங்கினேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலையில் இரண்டு கசெட்டுகளைக் கொண்டுவந்து கொடுத்தார். கசெட்டுகளின் முதுகில் ஒன்று, இரண்டு என்று எழுதியிருந்தது. அன்று மத்தியானம் சித்தப்பா வீட்டுப் பத்திரிகையைப் புரட்டியபோது (எனக்குப் பிரெஞ்சு தெரியாது, படங்களைப் பார்ப்பேன்) டிவி நிகழ்ச்சிப் பக்கத்தில் என் கண் நின்றது. அந்தப் படம். இரவுச் சாப்பாட்டு நேரத்துக்குப் போடுகிறார்கள்.

பக்கத்தைக் கிழித்துச் சட்டைப்பைக்குள் வைத்தேன். அன்று மாலை புது அத்தானின் மாமா வீட்டில் எங்களுக்கு விருந்து. தோழன் போகாமல் இருந்தால் குடும்பச் சண்டை வரும். மறுநாள் காலையில் லண்டன் பஸ். ஆகவே பதிவு செய்ய வேண்டும். ஞாயிற்றுக்கிழமை, பாரிஸில் ஒரு கடையும் திறந்திருக்காது. சித்தப்பா வீட்டில் இருந்த கசெட்டுகளோ எல்லாம் சித்தியின் பக்திப் படங்கள். தொட்டால் கை போய்விடும்.

இந்த இடத்தில்தான் என் பொறியியல் மூளை வேலை செய்தது. அம்மாவுக்குக் கொண்டுபோகும் முதல் கசெட்டை வீடியோ டெக்கில் போட்டு வேகமாக ஓட்டிப் பார்த்தேன். இரண்டு அன்னங்கள் நீந்தி வந்து ஒன்றையொன்று கொத்தின. அக்காவின் அலங்காரம். மாப்பிள்ளை வருகை. நான் காலைக் கழுவுவது (இதை மட்டும் நிறுத்தி இரண்டு தரம் பார்த்தேன்). ஐயர் கூறைச் சேலையைக் கொடுக்கிறார். அக்கா அதை வாங்கிக்கொண்டு உடுத்தி வர உள்ளே போகிறாள். பிறகு திரை கறுப்பு. கொஞ்சம் பொறுத்துப் பார்த்தேன். கறுப்புத்தான். சரி, பெண் உடுத்தப் போன இடத்தில் முதல் கசெட்டை முடித்திருக்கிறார், தாலி கட்டுவது இரண்டாவதில் வரும் என்று முடிவு செய்தேன். இரண்டாவதைப் போட்டுப் பார்த்திருக்கலாம். ஆனால் அத்தான் காரில் ஹோர்ன் அடித்துக்கொண்டிருந்தார். முதல் கசெட்டில் மிஞ்சிக் கிடந்த அந்த நீளமான கறுப்பை வீணாக்க எனக்கு மனம் வரவில்லை. நேரத்தை வைத்து, பதிவுப் பொத்தானை அழுத்திவிட்டு, தலை வாரிக்கொண்டு விருந்துக்குப் போனேன்.

அந்தக் கறுப்பு, மணி அண்ணை 'திருமாங்கல்யதாரணம்' என்று பூப்போட்ட எழுத்துப் போடுவதற்காக விட்ட இடம் என்பது எனக்கு எப்படித் தெரியும்? எழுத்து மெஷினைத் திருத்தக் கொடுத்திருந்தாராம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஈஸ்ட் ஹாமில் எங்கள் வீட்டில் கலியாணம். வேறு சொல் கிடைக்கவில்லை. நான் ஒரு வீடியோ பார்க்கத்தான் போகிறோம் என்று நினைத்திருந்தேன். அம்மா கலியாணத்துக்கே ஆயத்தம் செய்திருந்தாள். வாசலில் நிறைகுடம். பன்னீர், சந்தனம், கற்கண்டு. குசினியில் பயற்றம் பணியாரமும் அரியதரமும் குவிந்திருந்தன. பெண்ணின் தாய் உடுத்த வேண்டிய பட்டுச் சேலையை அம்மா உடுத்தியிருந்தாள். சுவரில் மாட்டியிருந்த அப்பாவின் படத்தைக் கழற்றி, புது மாலை போட்டு, டிவிக்கு நேரே ஒரு கதிரையில் நிமிர்த்தி வைத்திருந்தாள். அவருக்கும் வடிவாகத் தெரிய வேண்டுமாம்.

டெக், பக்கத்துத் தெருப் பொன்னுத்துரை மாமாவுடையது. ஊரில் ரயில் ஸ்டேசன் மாஸ்டராக இருந்தவர். எதையும் அவர் கொடி காட்டினால்தான் புறப்படும் என்று நம்புபவர். அவரும் ராணி மாமியும் முன் வரிசை. பின்னால் அக்கம்பக்கத்துச் சனம் சுவரோடு சுவராக. தட்டிலே அறுகம்புல்லும் அரிசியும் கலந்த அறுகரிசி வைத்து எல்லோர் கையிலும் அம்மா ஒரு பிடி கொடுத்தாள். தாலி கட்டும்போது டிவிக்குப் போட்டு வாழ்த்துவதற்கு.

"சரி, தொடங்கலாம்" என்றார் மாமா.

முதல் குழப்பம் உடனே வந்தது. பிரான்ஸில் பதிந்த கசெட்டை இங்கத்தைய டெக்கில் போட்டால் நிறம் வராது என்பது எங்களுக்குத் தெரியாது. அன்னங்கள் சாம்பல் நிறமாக நீந்தி வந்தன.

"கூறை என்ன நிறமடா தம்பி?" என்று கேட்டார் ராணி மாமி.

"அரக்குச் சிவப்பு, மாமி."

"இஞ்சை தார் பூசினமாதிரிக் கிடக்கு."

"நிறம் கிடக்கட்டும். பிள்ளையின்ரை முகம் தெரியுதுதானே" என்றாள் அம்மா. அவள் கண் அசையவில்லை. அக்கா திரையில் திரும்பினால் அம்மாவும் தலையைத் திருப்பினாள். நான் மாப்பிள்ளையின் காலைக் கழுவியபோது எல்லோரும் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். நானும் பெருமையாகச் சிரித்தேன். என் வாழ்க்கையில் அந்த வீட்டில் நான் பெருமையாகச் சிரித்த கடைசித் தடவை அது.

அக்கா கூறையை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். அம்மா எழுந்து நின்றாள். "இனித் தாலி" என்றாள். எல்லோரும் எழுந்தார்கள். கைகளில் அறுகரிசி. திரை கறுத்தது. 'இப்போது கசெட்டை மாற்ற வேண்டும்' என்று சொல்ல நான் வாயைத் திறந்தேன்.

டாண், டாண், டாண் என்று மணி முழங்கியது.

மணிச் சத்தம் கேட்டதுதான் தாமதம், பின்வரிசை அறுகரிசியை வீசிவிட்டது. அதைப் பார்த்து முன்வரிசையும் வீசியது. மழையாகப் பொழிந்த அரிசிக்கு நடுவில், திரையில், முகத்தை மூடிய வெள்ளை முக்காட்டோடு ஒரு நெடிய உருவம் தேவாலயத்துக்குள் நடந்து வந்தது.

எல்லோரும் கழுத்தை நீட்டிப் பார்த்தார்கள். பிறகு ராணி மாமி மெதுவாகக் கேட்டார்.

"மாப்பிள்ளை பகுதி வேதக்காரரே?"

அம்மா திரும்பி என்னைப் பார்த்தாள். "சேர்ச்சிலயும் வைச்சுச் செய்தவையே? நீ எனக்குச் சொல்லேல்லை?"

"இல்லை அம்மா, இது..."

"வெள்ளைக்காரப் பெண்டுகளும் வந்திருக்கினம்" என்றார் மாமா, ஆராய்ச்சியோடு. "ஆனால் இந்தப் பொம்பிளை என்ன, பனை உயரம் நிற்கிறா?"

அந்தப் பொம்பிளை முக்காட்டுக்குள்ளிருந்து ஒரு பெரிய செடி வெட்டும் கத்தரிக்கோலை எடுத்தது. வாசலில் கிடந்த மிதியடியில் இரண்டு காலையும் வடிவாகத் துடைத்தது. பிறகு பாதிரியாரின் தோளில் மரியாதையாகத் தட்டி, அவர் திரும்பியதும், வெட்டியது.

ராணி மாமி போட்ட சத்தத்துக்குக் கீழே நகைக்கடைக்காரர் அலாரத்தை அழுத்திவிட்டார். அது பெரிய கதை, விடுங்கள். நான் பாய்ந்து போய் டெக்கை நிறுத்தினேன். "ஒண்டுமில்லை, ஒண்டுமில்லை, ஒரு படம் இடையில பதிஞ்சிட்டுது. தாலி ரெண்டாவதில கிடக்கு" என்றேன். இரண்டாவது கசெட்டைப் போட்டேன். திரை வெளிச்சமானது. வாழையிலை. அதில் ஒரு கை பருப்பு ஊற்றியது. பெரியவர் ஒருவர் கத்தரிக்காய்க் கறியை மடக்கி மடக்கிச் சாப்பிட்டார். ஓட்டினேன். பாயாசம். இன்னும் ஓட்டினேன். அக்காவும் அத்தானும் வரிசையாகச் சனத்தோடு நின்று படம் எடுத்தார்கள். அக்காவின் கழுத்தில் தாலிக்கொடி ஏற்கெனவே கிடந்தது.

"தாலி கட்டினது எங்கை?" என்றாள் அம்மா.

நான் முதல் கசெட்டைப் பார்த்தேன். அவளுக்கு விளங்கிவிட்டது. கத்துவாள் என்று எதிர்பார்த்தேன். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவள் வந்தவர்களுக்குப் பணியாரத் தட்டை நீட்டினாள். "சாப்பிடுங்கோ" என்றாள். எல்லோரும் போன பிறகு அப்பாவின் படத்தை எடுத்து, மாலையைச் சரிசெய்து, சுவரில் மாட்டினாள். பட்டுச் சேலையோடு தரையில் உட்கார்ந்து, கம்பளத்தில் கிடந்த அரிசியைப் பொறுக்கத் தொடங்கினாள். நானும் குனிந்து பொறுக்கப் போனேன். "நீ விடு" என்றாள். அவ்வளவுதான். அந்த இரண்டு சொல்லுக்கு நான் இன்றைக்கும் பயம்.

பாரிஸுக்கு ஃபோன் அடித்தேன். மணி அண்ணை மிகவும் கவலைப்பட்டார். "தம்பி, மூலக் கசெட்டில அதுக்குப் பிறகு ஒரு பெட்டையின்ரை சாமத்தியச் சடங்கு எடுத்திட்டன். அதுக்கு மேல ஒரு பிறந்தநாள்" என்றார். வேறு கொப்பி போடவில்லையா என்று கேட்டேன். உன்னிடம் தந்ததுதான் முதல் கொப்பி, நீ கொண்டுபோய்ப் பார்த்து நல்லாயிருக்கு என்று சொன்ன பிறகு மற்றதைப் போடலாம் என்று இருந்தேன் என்றார். சரி, புகைப்படம் இருக்கிறதே என்று பார்த்தால், தாலி கட்டும் நேரத்துப் படங்கள் எல்லாவற்றிலும் மணி அண்ணையின் முதுகு. பல கோணங்களில், மிகத் தெளிவாக, மணி அண்ணையின் முதுகு.

அத்தான் தங்கமான மனிதர். "மாமி விரும்பினால் நாங்கள் இன்னொருக்கா உடுத்திக்கொண்டு இருந்து கட்டி எடுக்கிறம்" என்று சொல்லி அனுப்பினார். அம்மா ஃபோனை வாங்கி, "தாலி ஒருக்காத்தான் தம்பி கட்டுறது" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

அதன் பிறகு வீட்டில் ஒரு சத்தமில்லை. சாப்பாடு மேசைக்கு வந்தது, சொல் வரவில்லை. திரைப்பட வட்டத்தில் மௌனத்தின் அழகைப் பற்றி நான் ஒரு கட்டுரையே வாசித்திருந்தேன். அழகாவது மண்ணாங்கட்டியாவது. புட்டுத் தொண்டையில் இறங்காது.

ஒருநாள் பின்னேரம் அம்மா குசினியிலிருந்து வந்து என் முன்னால் உட்கார்ந்தாள்.

"நீ பக்கத்தில தானே இருந்தனி?"

"ஓம்."

"அப்ப சொல்லு."

"என்னத்தை?"

"பார்த்ததைச் சொல்லு. ஒண்டும் விடாமல்."

நான் அதுவரை எத்தனையோ படங்களை அலசியிருக்கிறேன். கமராக் கோணம், ஒளி, நிழல். கண்ணுக்கு முன்னால் நடந்த ஒன்றைச் சொல்லச் சொன்னபோது நாக்குப் புரளவில்லை. மெதுவாகத் தொடங்கினேன். அத்தானுக்குக் கை நடுங்கியது. தாலிக்கொடியின் திருகுச் சுரையைப் பூட்ட முடியாமல் தடுமாறினார்; அவருடைய தங்கை பின்னாலிருந்து பூட்டிவிட்டாள். கெட்டிமேளம் காதைப் பிளந்தது. மணி அண்ணையின் லைட் சூட்டில் ஐயருக்கே வேர்த்தது. அக்கா தலையைக் குனிந்துகொண்டே இருந்தாள். அவள் என் பக்கம் சாய்ந்து ஏதோ கேட்டாள். எனக்கு மேளத்தில் கேட்கவில்லை. காதைக் கிட்டக் கொண்டுபோனேன்.

"என்ன கேட்டவள்?" என்றாள் அம்மா.

"'லண்டனில இப்ப என்ன நேரம்? அம்மா விளக்குக் கொளுத்தியிருப்பாவோ?' எண்டு கேட்டவள்."

அம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன். ஏனென்றால் அன்று மணவறையில் அக்கா அதைக் கேட்டபோது நான் மணிக்கூட்டைப் பார்த்து நேரத்தை மட்டும் சொல்லிவிட்டு மோதிரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் என்ன கேட்டாள் என்பது ஈஸ்ட் ஹாம் குசினி வாசலில் வைத்துத்தான் எனக்கு விளங்கியது. நேரம் மட்டும் சொன்னதையும் அம்மாவிடம் சொன்னேன்.

"அம்மா கொளுத்தியிருப்பா எண்டு நீ சொல்லியிருக்கலாமே" என்றாள் அம்மா. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இன்னொருக்கா முதலில இருந்து சொல்லு" என்றாள்.

இதோடு முடிந்திருந்தால் நான் பிழைத்திருப்பேன். அன்றைக்கு வராத சொந்தக்காரர்கள் நோர்பரியிலிருந்தும் ரெய்னர்ஸ் லேனிலிருந்தும் கலியாண வீடியோ பார்க்க வரத் தொடங்கினார்கள். அம்மா ஒருவரையும் திருப்பி அனுப்பவில்லை. சந்தனம், கற்கண்டு, பணியாரம். கசெட் ஓடும். அக்கா கூறையோடு உள்ளே போவாள். திரை கறுக்கும். அம்மா டெக்கை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்து, "ம்" என்பாள். நான் எழுந்து டிவிக்குப் பக்கத்தில் நின்று தாலி கட்டுவதைச் சொல்ல வேண்டும். கை நடுக்கம், சுரை, கெட்டிமேளம், அக்கா கேட்டது. ஒன்றை விட்டால் அம்மா எடுத்துக் கொடுப்பாள். சனம் கண் கலங்கும். என் தலையில் அறுகரிசி போடும். எத்தனை தடவை என் தமக்கைக்கு நான் வாயால் தாலி கட்டி வைத்தேன் என்பதற்குக் கணக்கில்லை.

பிறகுதான் வில்லங்கம். சொல்லி முடித்தவுடன் டெக்கை நிறுத்தலாம். ஆனால் அழுத சனத்தை அப்படியே வீட்டுக்கு அனுப்ப முடியுமா? ஒருநாள் பொன்னுத்துரை மாமா, "அந்தக் கத்தரிக்கோல்காரன் பிறகு என்ன செய்தவன் எண்டு ஒருக்காப் பார்ப்பமே" என்றார். மிச்சம் ஓடியது.

உண்மையைச் சொன்னால், நானும் அப்போதுதான் முதன்முதலாக அந்தப் படத்தைப் பார்க்கிறேன். பயங்கரமான பகிடி. முக்காட்டுக் கொலைகாரன் ஒவ்வொரு வீட்டிலும் மணியடித்துக் காத்திருந்து கால் துடைத்து உள்ளே போவான். கத்தரிக்கோல் இறுகிவிட்டால் கொல்லப்படப் போகிறவரே எண்ணெய் எடுத்துக் கொடுப்பார். ரத்தத்தைக் கண்டால் மயங்கி விழும் ஒரு இன்ஸ்பெக்டர். அவரைத் தாங்கிப் பிடிப்பதற்கென்றே பின்னால் ஒரு போலீஸ்காரன் மெத்தையோடு திரிவான். அந்தப் படத்தில் ரத்தம் பச்சை நீலமாக இருக்கும், அதுதான் பெரிய பகிடி என்று வட்டத்தில் சொன்னார்கள். எங்கள் டிவியில் அது கறுப்பாக ஓடியதால், எங்கள் சனம் ஒவ்வொரு கொலைக்கும் முதலில் நெஞ்சில் கைவைத்து, பிறகுதான் சிரித்தார்கள்.

ஒருவருக்கும் ஒரு சொல் பிரெஞ்சு தெரியாது. அது ஒரு தடையாகவே இருக்கவில்லை. மாமா வசனங்களை நேரடியாகத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தார். அவருடைய கதையில் இன்ஸ்பெக்டருக்குக் கலியாணமாகாத குமர்ப் பிள்ளைகள் இருந்தார்கள், பென்சனுக்கு இன்னும் கொஞ்ச நாள்தான் இருந்தது. அம்மா முதலில் குசினிக்குள் நின்றாள். அடுத்த முறை வாசல்படி வரை வந்தாள். அதற்கடுத்த முறை புதிதாக வந்தவர்களுக்கு, "இனித்தான் எண்ணெய் குடுக்கிறது வரும், வடிவாப் பாருங்கோ" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். அவள் சிரித்த அன்று எனக்குத் தொண்டையில் புட்டு இறங்கியது.

கசெட்டை இரவல் கேட்டார்கள். 'வசந்தியின்ரை கலியாணம்' லண்டனைச் சுற்றியது. கொப்பிக்குக் கொப்பி போட்டு, தமிழ்ச் சனம் இருக்கிற இடமெல்லாம் போனது. அக்காவை ஒருநாளும் கண்டிராதவர்கள் பாரிஸ் கடைத்தெருவில் அவளை நிறுத்தி, "பிள்ளை, கடைசியில ஆள் பிடிபட்டவனோ?" என்று கேட்டார்களாம். ஏனென்றால் கசெட்டில் இடம் போதவில்லை. இன்ஸ்பெக்டர் கொலைகாரனை மடக்கி, முக்காட்டைத் தூக்கக் கையை நீட்டுகிற இடத்தில் படம் அறுந்துவிடும்.

ஆகவே ஆள் ஆர் என்ற விவாதம் வருடக்கணக்காக நடந்தது. மாமா பாதிரியார்தான் என்றார்; முதல் காட்சியிலேயே அவர் செத்ததை எடுத்துச் சொன்னபோது, "அதுதான் சந்தேகம்" என்றார். அம்மாவுக்கு மட்டும் சந்தேகமே இல்லை.

"அந்தச் சேர்ச்சில நிண்ட மாப்பிள்ளைத் தோழன்தான். பக்கத்தில நிண்டுகொண்டு எல்லாத்தையும் நாசமாக்கிறவன் வேற ஆர்?"

திரைப்பட வட்டத்தில் நான் மெய்யாகவே அந்தப் படத்தைப் பார்த்துவிட்டதாகச் சொல்லி, அதைப் பற்றிப் பேசப் போனேன். எப்படி முடிகிறது என்று கேட்டார்கள். தெரியாது என்றேன். அன்றிலிருந்து என் மதிப்பு பழைய படிக்கு இறங்கிவிட்டது. நானும் பிறகு போகவில்லை; ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்கு வீட்டில் தாலி கட்டும் வேலை இருந்தது.

அம்மாவின் வழக்கு ஒருவழியாக முடிந்து, பயணப் பத்திரம் கைக்கு வந்தபோது அக்காவுக்கு ஒரு பிள்ளையும் பிறந்துவிட்டது. நான்தான் பாரிஸுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். பஸ் நிலையத்தில் குளிர். அக்கா பிள்ளையை அத்தானிடம் கொடுத்துவிட்டு ஓடி வந்தாள். நான் கட்டிப் பிடித்து அழுவார்கள் என்று நினைத்தேன். அம்மா பையைக் கீழே வைத்தாள். அக்காவின் கோட்டைத் திறந்து, கம்பளிச் சட்டைக்குள்ளிருந்து தாலிக்கொடியை வெளியே எடுத்து, உள்ளங்கையில் வைத்துப் பார்த்தாள். கன நேரம் பார்த்தாள். சனம் எங்களைச் சுற்றி விலகிப் போனது. கொடியைத் திரும்ப உள்ளே விட்டு, கோட்டைப் பூட்டி, என் பக்கம் திரும்பினாள்.

"இதையாவது அழிக்காமல் விட்டியே."

அக்கா அழுதுகொண்டே சிரித்தாள். அத்தான் பிள்ளையோடு குலுங்கினார். அந்த வசனம் இப்போது எங்கள் குடும்பத்தின் அசையாச் சொத்து. சோறு கரிக்காமல் இறக்கினால், கார் கீறாமல் கொண்டுவந்து விட்டால், நான் பரீட்சை பாஸானால், எல்லோரும் சேர்ந்து அதைச் சொல்வார்கள்.

தொண்ணூறுகள் முடியும் நேரத்தில் அந்தப் படம் லண்டன் கடைகளுக்கே வந்துவிட்டது. முழுப் படம், நிறத்தோடு, ஆங்கில எழுத்தோடு. வாங்கிக்கொண்டு வந்து, அம்மாவைக் கூப்பிட்டு உட்கார வைத்தேன். இத்தனை வருடக் கேள்விக்குப் பதில் தெரியப்போகிறது. என் பெயரிலுள்ள பழியும் போகும். போட்டேன். மணி முழங்கியது. தேவாலயம் பளபளவென்று நிறத்தில் வந்தது. முக்காடு வந்தது.

அம்மா கொஞ்சம் பார்த்தாள். முகம் சுருங்கியது.

"எங்கையடா வசந்தி?"

"இது தனிப் படமம்மா. ஒறிஜினல். இதில அக்கா வரமாட்டா."

"வசந்தி இல்லாமல் என்ன படம்? நிப்பாட்டு" என்று சொல்லிவிட்டு, எழுந்து போய், அலுமாரியிலிருந்து பழைய கசெட்டை எடுத்துக்கொண்டு வந்தாள். அன்னங்கள் சாம்பல் நிறத்தில் நீந்தி வந்தன. அக்கா கூறையோடு உள்ளே போனாள். திரை கறுத்ததும் அம்மா டெக்கை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

"ம்" என்றாள்.

நான் எழுந்து நின்று சொல்லத் தொடங்கினேன்.